பாங்காக்கிலிருந்து அயுத்தயா: ஒரு நாள் டூருக்குப் பணம் கட்டும் முன் படிக்க வேண்டியது

பாங்காக் போகிற நம்மவர்கள் பலர் ஒரு நாளை அயுத்தயாவுக்கு ஒதுக்குகிறார்கள். பாங்காக்கிலிருந்து வடக்கே சுமார் 80 கி.மீ. நானூறு ஆண்டுகளுக்கு மேல் சயாமின் தலைநகராக இருந்து, 1767-இல் பர்மியப் படையெடுப்பில் அழிந்த ஊர். 1991-லிருந்து யுனெஸ்கோ பட்டியலில் இருக்கிறது. வரலாறு இவ்வளவுதான் சொல்வேன். மீதியைச் சொல்லத்தான் வழிகாட்டிக்குக் காசு கொடுக்கிறீர்கள்.

இந்த டூரை வாங்குவது பத்து நிமிட வேலை மாதிரி தெரியும். அப்படி இல்லை. நான் பதிவு செய்த டூரின் விளம்பரத்தில் ஏழு இடங்கள் போட்டிருந்தார்கள். போய்ப் பார்த்தால் ஏழில் ஒன்று நினைவுப் பொருள் கடை, இன்னொன்று வேன் ஜன்னல் வழியே கை நீட்டிக் காட்டியது. வாட் மஹாதாட்டில் ('வாட்' என்றால் கோவில்) கிடைத்த நேரம் இருபத்தைந்து நிமிடம். அதனால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: எத்தனை இடம் என்று எண்ணாதீர்கள். இடிபாடுகளுக்குள் மொத்தம் எத்தனை மணி நேரம் என்று கேளுங்கள். விலை, டூர் வகை, கிளம்பும் நேரம் எல்லாவற்றையும் இந்தக் கேள்வியை வைத்தே முடிவு செய்யலாம்.

1. முதலில் ஆவணங்கள்

2023 நவம்பரிலிருந்து இந்தியப் பாஸ்போர்ட்காரர்கள் சுற்றுலாவுக்கு விசா இல்லாமல் தாய்லாந்துக்குள் போக முடிந்தது. இந்த விதியையும் தங்கும் நாள் கணக்கையும் அந்நாட்டு அரசு அவ்வப்போது மாற்றுகிறது. பழைய வீடியோவை நம்பாமல், டிக்கெட் போடும் வாரத்தில் தாய்லாந்துத் தூதரகத்தின் பக்கத்தைப் பாருங்கள். பாஸ்போர்ட்டில் குறைந்தது ஆறு மாதம் செல்லுபடி இருக்க வேண்டும்.

அடுத்தது டிஜிட்டல் வருகை அட்டை. சுருக்கமாக டிடிஏசி. 2025 மே 1 முதல் எல்லா வெளிநாட்டவருக்கும் கட்டாயம், குழந்தைகளுக்கும் சேர்த்து. தாய்லாந்தில் இறங்குவதற்கு முந்தைய மூன்று நாட்களுக்குள் இணையத்தில் நிரப்ப வேண்டும். விமான எண், தங்கும் ஹோட்டல் முகவரி எல்லாம் கேட்கும். முடித்ததும் வரும் கியூஆர் குறியீட்டைப் போனில் படமாகச் சேமித்து, ஒரு அச்சுப் பிரதியும் எடுத்துக்கொள்ளுங்கள்.

இது முழுக்க இலவசம். கூகிளில் தேடினால் மேலே வரும் சில தளங்கள் அரசுத் தளம் போலவே முகப்பு வைத்துக்கொண்டு, 'விரைவுக் கட்டணம்' என்று ஆயிரக்கணக்கில் கறந்துவிடும். தாய்லாந்து குடிவரவுத் துறையின் முகவரி 'டாட் கோ டாட் டிஎச்' என்று முடியும். அப்படி முடியாத தளத்தில் கார்டு எண்ணைத் தட்டவே வேண்டாம்.

நம் ஊர்க்காரர்களுக்கென்றே ஒரு தலைவலி உண்டு: இனிஷியல். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் கட்டத்தில் அப்பா பெயர் இருக்கும், அல்லது கட்டமே காலியாக இருக்கும். டிடிஏசியிலும் சரி, டூர் பதிவிலும் சரி, பாஸ்போர்ட்டில் உள்ளபடியே நிரப்புங்கள். ஓரிடத்தில் 'கே. செந்தில்', இன்னோரிடத்தில் 'செந்தில் குமாரசாமி' என்றால் காலை ஆறரை மணிக்கு ஹோட்டல் வாசலில் பெயர்ப் பட்டியலோடு நிற்பவருக்கு உங்களைக் கண்டுபிடிக்க முடியாது. அவர் வாசிப்பது பெரும்பாலும் உங்கள் அப்பா பெயராகத்தான் இருக்கும். காதைத் தீட்டிக்கொண்டு நில்லுங்கள்.

டூர் அன்று பாஸ்போர்ட்டைக் கொண்டுபோவதா, ஹோட்டலில் பூட்டி வைப்பதா? நான் அசலை ஹோட்டல் பெட்டகத்தில் வைத்துவிட்டு, முகப்புப் பக்கமும் நுழைவு முத்திரைப் பக்கமும் நகலெடுத்துக் கொண்டுபோனேன், யாரும் கேட்கவில்லை. பணம் மாற்றும் எண்ணம் இருந்தால் அசல் தேவைப்படும்.

2. எந்த நாள், எந்த வேளை

நவம்பர் முதல் பிப்ரவரி வரை நல்ல காலம். மார்ச் முதல் மே வரை வெயில் வேலூரைத் தோற்கடிக்கும். இடிபாடுகளில் நிழல் கிடையாது, சுற்றிலும் செங்கல், பதினொரு மணிக்கெல்லாம் தரையும் சூடாகிவிடும். செப்டம்பர், அக்டோபரில் மழையோடு வெள்ளமும் வரக்கூடும். சாவோ பிராயா, பா சாக், லோப்புரி ஆகிய மூன்று ஆறுகள் சூழ்ந்த தீவு இது. நீர் ஏறினால் ஆற்றங்கரையில் இருக்கும் வாட் சைவத்தனாராமைச் சுற்றித் தடுப்புச் சுவர் எழுப்பிவிடுவார்கள், அப்போது உள்ளே விடாமலும் போகலாம். அந்த மாதங்களில் போகிறவர்கள் முந்தைய நாள் மாலை டூர்காரரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

ஏப்ரல் 13 முதல் 15 வரை சொங்கிரான் புத்தாண்டு. தெருவெல்லாம் தண்ணீர் அடிப்பார்கள், ஊருக்குப் போகும் கூட்டத்தால் பாங்காக்கை விட்டு வெளியேறும் சாலைகள் நிரம்பி வழியும். தண்ணீர் விளையாட்டு வேண்டுமானால் போங்கள், கோவில் பார்க்க அந்த நாட்கள் வேண்டாம். சனி, ஞாயிறுகளில் உள்ளூர்க் கூட்டம் அதிகம். செவ்வாய், புதன் என்றால் நிம்மதி.

வெயில் மாதங்களில் பிற்பகல் டூரை எடுங்கள். மதியம் கிளம்பி, மூன்று மணிக்கு மேல் கோவில்களைப் பார்த்து, சூரியன் சாயும் நேரத்தில் தீவைச் சுற்றிப் படகில் ஒரு சவாரி, பிறகு திரும்புதல். இப்படி விற்கிற நிறுவனங்கள் பல. முக்கியமான இடிபாடுகள் பொதுவாகக் காலை 8 முதல் மாலை 6 வரை திறந்திருக்கும், அதனால் பிற்பகலில் போனாலும் நேரம் போதும். பிற்பகல் டூரில் பாங் பா-இன் அரண்மனை இருக்காது. அங்கே மாலை நாலு மணிக்கு முன்பே டிக்கெட் கொடுப்பதை நிறுத்திவிடுவார்கள்.

3. எந்த மாதிரி டூர்

சந்தையில் கிடைப்பவை நாலு வகை. கீழே சொல்லும் விலைகள் நடைமுறையில் கேட்கும் வீச்சு, சீசனுக்குச் சீசன் மாறும். ஒரு பாட் என்பது இரண்டரை முதல் மூன்று ரூபாய் என்று மனக்கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

*ஜாயின் டூர்.* வேனிலோ பஸ்ஸிலோ பத்திலிருந்து நாற்பது பேர் வரை, ஆங்கிலம் பேசும் வழிகாட்டி, பெரும்பாலும் மதிய உணவும் சேர்த்து. தலைக்கு 1000 முதல் 2000 பாட். தனியாகப் போகிறவருக்கும் இருவராகப் போகிறவர்களுக்கும் இதுதான் கட்டுப்படியாகும். வேனா, பஸ்ஸா என்று கேளுங்கள். நாற்பது பேர் பஸ்ஸில் ஏறி இறங்கவே ஒவ்வோரிடத்திலும் பத்து நிமிடம் போகும்.

*பஸ்ஸில் போய்ப் படகில் திரும்பும் டூர்.* கேட்க அழகாக இருக்கும், விலையும் கூடுதல். இங்கே கவனிக்க வேண்டியது, படகு அயுத்தயாவிலிருந்தே கிளம்புவதில்லை என்பது. பல டூர்களில் பஸ்ஸில் பாதி வழி திரும்பி, நோந்தபுரி பக்கம் ஒரு படகுத்துறையில்தான் ஏற்றுவார்கள். படகில் பஃபே சாப்பிட்டுக்கொண்டே பாங்காக் வந்து சேரலாம். மதிய உணவே படகில் என்றால் கோவில்களுக்குக் காலையில் இரண்டு, இரண்டரை மணி நேரம்தான் மிஞ்சும். வயதான பெற்றோரோடு போகிறவர்களுக்கு இது சரி. கோவில் பார்க்கவே போகிறவர்களுக்கு இதைச் சொல்ல மாட்டேன்.

*பிரைவேட் கார்.* டிரைவரோடு எட்டு முதல் பத்து மணி நேரம். சிறிய காருக்கு 2500 பாட்டிலிருந்து கேட்பார்கள், பத்துப் பேர் வேன் இன்னும் கூடும். நாலைந்து பேர் குடும்பத்துக்கு ஜாயின் டூரை விட இது மலிவாகவே வரும். ஆனால் டிரைவர் வேறு, வழிகாட்டி வேறு. டிரைவர் வாசலில் இறக்கிவிட்டு வண்டியில் உட்கார்ந்துகொள்வார். உரிமம் பெற்ற வழிகாட்டி வேண்டுமென்றால் தனியாகப் பணம். 'பிரைவேட் டூர்' என்று எழுதியிருப்பதை நம்பி, வழிகாட்டியும் வருவார் என்று நினைத்துக்கொள்கிறவர்கள் ஏராளம்.

*ரயிலில் நீங்களே போய், அங்கே ஏற்பாடு செய்வது.* ஹுவா லம்போங் நிலையத்திலிருந்து கிளம்பும் சாதாரண ரயிலில் மூன்றாம் வகுப்புக்கு 15, 20 பாட்தான். ஒன்றரை முதல் இரண்டு மணி நேரம். தொலைதூர வேக ரயில்கள் 2023 ஜனவரியிலிருந்து பாங் சூ பக்கமுள்ள கிருங் தெப் அபிவாட் நிலையத்துக்கு மாறிவிட்டன. அவற்றில் கட்டணம் பல மடங்கு, மிச்சமாகும் நேரமோ சொற்பம். எந்த நிலையம் என்று டிக்கெட்டில் பார்த்துவிட்டுக் கிளம்புங்கள், இரண்டுக்கும் நடுவே நல்ல தூரம். காலை எட்டு மணிக்கு நிலையத்தில் தேசிய கீதம் ஒலிக்கும், எல்லோரும் எழுந்து நிற்பார்கள், நீங்களும் நின்றுவிடுங்கள்.

அயுத்தயா நிலையம் தீவுக்கு வெளியே, பா சாக் ஆற்றின் கிழக்குக் கரையில் இருக்கிறது. எதிரே இறங்கி நடந்தால் படகுத்துறை, சில்லறைக் காசில் அக்கரை. நிலைய வாசலில் தவளை மூஞ்சி வைத்த டுக்-டுக்குகள் நிற்கும். மணிக்கு 200, 300 பாட் என்று ஆரம்பிப்பார்கள், நாலு மணி நேரத்துக்கு மொத்தமாகப் பேசுங்கள். படம் போட்ட அட்டையைக் காட்டுவார்கள். போக வேண்டிய இடங்களை விரலால் தொட்டுக் காட்டி, தொகையைப் போனில் எண்ணாகத் தட்டி, தலையாட்டிய பிறகு ஏறுங்கள். பணம் கடைசியில்தான்.

டான் முவாங் விமான நிலையத்தில் இறங்குகிறவர்களுக்கு ஒரு வசதி: அது அயுத்தயா போகும் வழியிலேயே இருக்கிறது. பாங்காக் நகருக்குள் போய்த் திரும்பி வராமல், அங்கிருந்தே ரயிலோ காரோ பிடிக்கலாம்.

4. 'இதில் அடங்காதவை' என்ற பகுதியை இரண்டு முறை படியுங்கள்

பணம் கசிவது இங்கேதான். விளம்பரத்தில் பெரிய எழுத்தில் 999 பாட் என்று இருக்கும். கீழே போனால்தான் மற்றவை தெரியும்.

நுழைவுக் கட்டணம் முதலில். தாய்லாந்துக்காரர்களுக்கு ஒரு விலை, வெளிநாட்டவருக்குப் பல மடங்கு. வாட் மஹாதாட், வாட் பிரா சி சன்பெட், வாட் ராட்சபுரானா, வாட் சைவத்தனாராம் எல்லாம் தனித்தனி டிக்கெட். கோவிலுக்கு 100 பாட் என்று ஒதுக்கி வையுங்கள், மிஞ்சினால் லாபம். ஒரே நாளில் நாலுக்கு மேல் பார்ப்பவர்கள் பல கோவில்களுக்கும் சேர்த்து விற்கும் கூட்டுச் சீட்டைக் கவுன்டரில் கேட்கலாம். ஜாயின் டூரில் மூன்று கோவில்தான் வரும், அதற்குக் கூட்டுச் சீட்டு வீண். பாங் பா-இன் அரண்மனைக்குத் தனிக் கட்டணம். வாட் யாய் சைமோங்கொன், வாட் பனான் சோங் போன்ற வழிபாடு நடக்கும் கோவில்களில் சில்லறைதான். படுத்த புத்தர் இருக்கும் வாட் லோகயசுத்தாராமில் டிக்கெட்டே கிடையாது.

பதிவு செய்யும் முன் நிறுவனத்துக்கு ஒரு செய்தி அனுப்பி, எழுத்தில் பதில் வாங்குங்கள். வாட்ஸப் இல்லாவிட்டால் அங்கே லைன் செயலி இருக்கும். கேட்க வேண்டியவை:

- நுழைவுச் சீட்டுகள் எல்லாம் சேர்ந்ததா, எந்தெந்தக் கோவிலுக்கு?
- ஒவ்வொரு கோவிலுக்குள்ளும் எத்தனை நிமிடம்?
- மிதவைச் சந்தை, யானை முகாம், கடை இவற்றில் எதுவெல்லாம் நிறுத்தம்?
- பிக்கப் ஹோட்டல் வாசலிலா, பொது இடத்திலா?
- வழிகாட்டி எங்கள் வண்டியிலேயே வருகிறாரா?

மூன்றாவது கேள்வி ஏன் என்றால், மிதவைச் சந்தை என்று காட்டுவது சுற்றுலாக்காரர்களுக்காகக் கட்டிய கடைத்தொகுதியாக இருக்கலாம். அதில் ஒரு மணி நேரம் போனால் அந்த ஒரு மணி நேரம் கோவிலிலிருந்து கழிந்தது. யானைச் சவாரியும் அப்படியே. 'விருப்பமிருந்தால் மட்டும்' என்று எழுதியிருக்கும், ஆனால் விருப்பமில்லாதவரும் வெயிலில் காத்து நிற்க வேண்டும். யானை மேல் இரும்பு இருக்கை வைத்துத் தார்ச் சாலையில் நடத்துவதைப் பார்க்க எனக்குப் பிடிக்கவில்லை. அந்த நிறுத்தம் இல்லாத டூரையே தேடுங்கள் என்பேன்.

கார்டு விஷயம். இந்தியக் கார்டில் பாட்டில் கட்டினால் வங்கி தன் அந்நியச் செலாவணிக் கட்டணத்தைச் சேர்க்கும். தளமோ மெஷினோ 'ரூபாயில் கட்டுகிறீர்களா' என்று கேட்டால் வேண்டாம் என்று சொல்லிப் பாட்டிலேயே கட்டுங்கள். ரூபாயில் கட்டினால் மாற்று விகிதத்தில் இன்னொரு வெட்டு விழும். தாய்லாந்து ஏடிஎம்-கள் வெளிநாட்டுக் கார்டுக்கு ஒரு முறைக்கு 220 பாட் அளவில் கட்டணம் பிடிக்கின்றன. அடிக்கடி கொஞ்சம் கொஞ்சமாக எடுக்காதீர்கள். அயுத்தயாவில் ரொக்கம் கட்டாயம் வேண்டும். 20, 100 பாட் நோட்டுகளாக ஆளுக்கு 800 பாட் இருந்தால் போதும்.

ரத்து விதியையும் பாருங்கள். 24 மணி நேரத்துக்கு முன் சொன்னால் முழுப் பணம் என்பது பெரிய தளங்களில் வழக்கம். ஹோட்டல் வரவேற்பிலும் தெருவோர டெஸ்க்கிலும் வாங்கும் டூருக்குப் பணம் திரும்பாது. தெரு டெஸ்க்கில் 200 பாட் குறையும், ஆனால் கையில் கிடைப்பது பெயர் கிறுக்கிய ரசீது ஒன்றுதான்.

5. வழிகாட்டிக்கு உரிமம் உண்டா

தாய்லாந்தில் சுற்றுலா வழிகாட்டித் தொழில் அந்நாட்டுக் குடிமக்களுக்கு மட்டும். சுற்றுலாத் துறை கொடுக்கும் உரிம அட்டையைக் கழுத்தில் மாட்டியிருப்பார்கள், படமும் எண்ணும் இருக்கும். டூர் நிறுவனத்துக்கும் தனி உரிம எண் உண்டு, அது வவுச்சரிலேயே அச்சாகியிருக்க வேண்டும்.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், 'தமிழ் கைடு உண்டு' என்று நம் ஊர் ஏஜென்டுகள் விற்கும் டூர்களில் கூட வருபவர் பெரும்பாலும் குழுவை அழைத்துவரும் மேலாளர்தான். அவர் பஸ்ஸில் தமிழில் பேசலாம், சாப்பாட்டைக் கவனிக்கலாம். கோவிலுக்குள் நின்று அவரே விளக்கம் சொல்லத் தொடங்கினால் அது சட்ட மீறல், சோதனை வந்தால் டூர் பாதியில் நிற்கும். அதனால் தமிழ் மேலாளரோடு உள்ளூர் உரிமம் பெற்ற வழிகாட்டியும் வருகிறாரா என்று கேளுங்கள். இருவரும் வந்தால் பெரியவர்களுக்கு அதைவிட நல்ல ஏற்பாடு இல்லை.

வழிகாட்டிகளின் ஆங்கிலம் முதல் அரை மணி நேரம் புரியாது. சொல்லின் கடைசி எழுத்தை விழுங்கிவிடுவார்கள், பிறகு காது பழகிவிடும். வேனில் முன் வரிசையில் உட்காருங்கள். பாதி விளக்கம் போகும் வழியிலேயே முடிந்துவிடுகிறது.

6. சாப்பாட்டைப் பதிவு செய்யும்போதே சொல்லிவிடுங்கள்

சைவம் என்று அன்று காலை சொன்னால் சாதமும் வெள்ளரிக்காயும்தான் கிடைக்கும். பதிவுப் படிவத்தில் குறிப்பு எழுதும் கட்டம் இருக்கும், அதில் எழுதுங்கள். 'சைவம்' என்று மட்டும் எழுதினால் மீன் சாறு ஊற்றிய காய் வந்து நிற்கும், அவர்கள் கணக்கில் அது சைவம். 'ஜே' என்று கேளுங்கள். இறைச்சி, மீன், முட்டை, பால், மீன் சாறு எதுவும் இல்லாத உணவு அது. பூண்டு, வெங்காயம்கூட இருக்காது. சிவப்பு எழுத்து போட்ட மஞ்சள் கொடி தொங்கும் கடையில் கிடைக்கும். கடையில் நீங்களே கேட்பதானால் 'கின் ஜே' என்றால் போதும். 'மை சை நாம் ப்லா' என்றால் மீன் சாறு போடாதே.

அசைவக்காரர்களும் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அயுத்தயாவின் பேர்போன படகு நூடுல்ஸ் குழம்பில் ரத்தம் சேர்ப்பார்கள். பன்றி 'மூ', மாடு 'நுவா'. வேண்டாதவர்கள் அந்தக் கிண்ணத்தைத் தொட வேண்டாம். ஆற்று இறாலைச் சுட்டுத் தருவது இங்கே பிரமாதம், உள்ளங்கையை விடப் பெரிய இறால், தலைக்குள் மஞ்சள் கொழுப்போடு வரும். எடைக் கணக்கில் விற்பார்கள். தட்டில் வைக்கும் முன் கிலோ என்ன விலை, எத்தனை எடை என்று கேட்டுவிடுங்கள். இல்லாவிட்டால் டூர் விலையை விட இறால் விலை கூடிவிடும்.

ரொட்டி சாய்-மை கிடைத்தால் விடாதீர்கள். மருத்துவமனைக்கு எதிரே உ தோங் சாலையில் வரிசையாகக் கடைகள், பெரும்பாலும் முஸ்லிம் குடும்பங்கள் நடத்துபவை. பிசைந்த மாவு உருண்டையைச் சூடான கல்லில் ஒரு தடவு தடவி எடுப்பார்கள். கல்லில் ஒட்டிய மெல்லிய படலம் கண் இமைக்கும் நேரத்தில் வெந்து சுருளும். அதில் பஞ்சு மிட்டாய் போன்ற சர்க்கரை நூலைச் சுற்றிச் சாப்பிட வேண்டியதுதான். ரொட்டி தனி, நூல் தனி என்று பொட்டலம் கட்டித் தருவார்கள். வேன் அங்கே நிற்குமா என்று வழிகாட்டியிடம் காலையிலேயே கேட்டு வைத்தால் ஐந்து நிமிடம் நிறுத்துவார்.

7. உடை, பை

தோளும் முழங்காலும் மூடும் உடை, ஆண்களுக்கும்தான். பாங் பா-இன்னில் கெடுபிடி அதிகம், அரைக்கால் சட்டையோடு போனால் வாசலிலேயே துணி கொடுத்துச் சுற்றிக்கொள்ளச் சொல்வார்கள். பாதம் மூடிய, ஆனால் சட்டென்று கழற்றக்கூடிய காலணி நல்லது. இடிபாடுகளில் செங்கல் படி வழுக்கும், வாட் பனான் சோங்கிலும் மோங்கொன் போபிட் கோவிலிலும் செருப்பைக் கழற்றித்தான் உள்ளே போக வேண்டும். குடை, தொப்பி, ஆளுக்கு ஒரு லிட்டர் தண்ணீர், கொசு மருந்து. டிரோனை வீட்டிலேயே வையுங்கள். பதிவும் முன் அனுமதியும் இல்லாமல் பறக்கவிட்டால் வம்பு.

8. காலை பிக்கப்

வவுச்சரில் 6.30 என்று இருந்தால் 6.15-க்கு வரவேற்பறையில் இருங்கள். வேன் பத்து நிமிடத்துக்கு மேல் நிற்காது, அடுத்த ஹோட்டலுக்குப் போய்விடும், பணமும் போகும். பாங்காக்கில் ஒரே பெயரில் பல கிளைகள் கொண்ட ஹோட்டல்கள் உண்டு. பதிவில் ஹோட்டல் பெயரோடு தெருப் பெயரும் சோய் (சந்து) எண்ணும் சேர்த்துக் கொடுங்கள். காலை உணவு ஏழு மணிக்குத்தான் தொடங்கும் ஹோட்டலில் முந்தின இரவே பொட்டலம் கேட்டு வைக்கலாம்.

ஏறியதும் சட்டையில் ஒரு வண்ண ஸ்டிக்கர் ஒட்டுவார்கள். வேடிக்கையாக இருக்கும், எடுத்துவிடாதீர்கள். கோவில் வாசலில் ஒரே நேரத்தில் பல குழுக்கள் நிற்கும்போது வழிகாட்டி உங்களைத் தேடுவது அதை வைத்துத்தான். வேன் எண் பலகையைப் போனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள், வாகன நிறுத்தத்தில் எல்லா வேனும் வெள்ளையாகத்தான் இருக்கும்.

9. கோவில்களுக்குள்

வாட் மஹாதாட்டில் எல்லோரும் தேடுவது மரவேர்கள் பின்னிப் பிடித்த புத்தர் தலையை. அது தரையை ஒட்டி இருக்கிறது. படம் எடுக்கும்போது உங்கள் தலை அதை விட உயரத்தில் இருக்கக் கூடாது, குந்தி உட்கார வேண்டும். காவலர் பக்கத்திலேயே நிற்கிறார், நின்றபடி போனைத் தூக்கினால் கையை அமர்த்திக் காட்டி உட்காரச் சொல்வார். முழங்கால் வலி உள்ளவர்கள் சற்றுத் தள்ளி நின்று பார்த்துக்கொள்ளலாம். வழிகாட்டி விளக்கம் சொல்லும்போதே கூட்டம் அங்கே குவியும். விளக்கம் முடிந்து எல்லோரும் நகர்ந்த பிறகு போனால் நெரிசல் குறைந்திருக்கும்.

தலையில்லாத சிலைகளின் பின்னே நின்று தன் தலையை வைத்துப் படம் எடுப்பது அங்கே பெரிய அவமதிப்பு. சுவர் மேல் ஏறுவதும் அப்படித்தான். உடைந்த செங்கல் துண்டைப் பையில் போட்டுக்கொண்டு வருவது குற்றம். கடையில் வாங்கும் புத்தர் சிலைக்கும் சிக்கல் உண்டு, தாய்லாந்தை விட்டு வெளியே கொண்டுபோக நுண்கலைத் துறையின் அனுமதி வேண்டும். பெண்கள் பிக்குகளைத் தொடக் கூடாது, பக்கத்து இருக்கையிலும் உட்கார வேண்டாம்.

நேரம் குறைவாகக் கொடுத்தால் எங்கே செலவழிப்பது? என் தேர்வு: வாட் மஹாதாட்டில் தலையைப் பார்த்துவிட்டு எதிர்ச்சாரியில் இருக்கும் ராட்சபுரானாவுக்கு நடந்துவிடுங்கள். பல டூர்களில் அது பட்டியலில் இராது, ஆனால் சாலையைக் கடந்தால் போதும், டிக்கெட் மட்டும் உங்கள் செலவு. அங்கே நடுக்கோபுரத்துக்குள் செங்குத்தான குறுகிய படிகளில் இறங்கினால் பழைய சுவரோவியத்தின் மிச்சம் தெரியும். மூச்சு முட்டும், குனிந்தே போக வேண்டும். நிலவறை திறந்திருந்தால் தவறவிடக் கூடாதது. வழிகாட்டியிடம் சொல்லாமல் போகாதீர்கள், எத்தனை மணிக்கு வேன் என்று கேட்டுக்கொண்டு போங்கள். வாட் பிரா சி சன்பெட்டின் மூன்று தூபிகளைப் பத்து நிமிடத்தில் பார்த்துவிடலாம். சைவத்தனாராம் மாலை வெயிலுக்கானது. காலை டூரில் அது இருந்தால் நல்லது, இல்லாவிட்டால் அதற்காக அழ வேண்டாம்.

10. திரும்புதல், டிப்ஸ், தகராறு

வவுச்சரில் மாலை 4 மணிக்குத் திரும்புதல் என்று இருந்தால் 5.30 என்று எடுத்துக்கொள்ளுங்கள். வெள்ளி மாலை என்றால் இன்னும் ஒரு மணி நேரம். அன்றிரவு விமானம் வைத்துக்கொள்ளவே வேண்டாம். வைத்தே ஆக வேண்டுமென்றால் பிரைவேட் காரில் பெட்டியோடு போய், நேராக விமான நிலையத்தில் இறங்கும்படி பேசிக்கொள்ளுங்கள். நள்ளிரவை ஒட்டிய விமானமாகவும் இருக்கட்டும்.

காலையில் ஹோட்டலில் ஏற்றியவர்கள் மாலையில் அங்கேயே இறக்குவார்கள் என்று எதிர்பார்க்காதீர்கள். பல ஜாயின் டூர்களில் திரும்பும் இடம் ஏதாவது ஒரு வணிக வளாகம் அல்லது ரயில் நிலைய வாசல்தான். படகில் திரும்பினால் படகுத்துறை. அங்கிருந்து ஹோட்டலுக்கு உங்கள் செலவு. கிராப் அல்லது போல்ட் டாக்ஸிச் செயலியை ஊரிலேயே இறக்கிப் போனில் வைத்துக்கொள்ளுங்கள். நெரிசல் நேரத்தில் காரை விட மேம்பால ரயில் வேகம்.

டிப்ஸ் கட்டாயம் இல்லை. வழிகாட்டி நன்றாகச் செய்திருந்தால் தலைக்கு 100 பாட், டிரைவருக்குத் தனியாக 50 கொடுக்கலாம். கையில் உறையைத் திணித்து எவ்வளவு என்று அவர்களே சொன்னால் சிரித்துவிட்டு இறங்குங்கள்.

வவுச்சரில் இருந்த கோவிலைக் காட்டாமல் விட்டாலோ, சேர்ந்தது என்று சொன்ன டிக்கெட்டுக்கு மறுபடி பணம் கேட்டாலோ, அங்கேயே சண்டை போடாதீர்கள். குரலை உயர்த்தினால் அங்கே காரியம் கெடும். எழுத்தில் வாங்கிய பதிலைப் போனில் காட்டுங்கள். அப்படியும் கேட்டால் கட்டிவிட்டு ரசீது வாங்கி, அன்றிரவே பதிவு செய்த தளத்துக்குப் படங்களோடு எழுதுங்கள். எனக்கு விட்டுப்போன இடத்துக்கான தொகையின் ஒரு பகுதி இப்படித்தான் கார்டுக்குத் திரும்பி வந்தது. மிரட்டலோ ஏமாற்றோ என்றால் சுற்றுலாப் போலீஸ் எண் 1155. ஆங்கிலத்தில் பேசலாம்.